சாவுக்குச் சுந்தரம்

நனைத்த துணியால் புவனேஸ்வரி கணவரின் உதட்டைத் துடைத்துக்கொண்டிருந்தபோது தெருக்கோடியில் ஒரு தறி நின்றது. ஒரு தறி நிற்பது பெரிய விஷயமில்லை. இழை அறுந்திருக்கும், இல்லாவிட்டால் நெய்கிறவர் டீ குடிக்க எழுந்திருப்பார். ஆனால் அதற்குப் பக்கத்து வீட்டுத் தறியும் நின்றது. பிறகு எதிர்வரிசையில் ஒன்று, இந்த வரிசையில் ஒன்று. சத்தம் வீடு வீடாக அடங்கிக்கொண்டே அவர்கள் வீட்டை நோக்கி வந்தது. கடைசியாக முன்கூடத்தில் பட்டம்மாள் நெய்துகொண்டிருந்த அவர்கள் வீட்டுத் தறியும் நின்றுபோனது.

பிள்ளையார்பாளையத்தின் அந்தத் தெருவில் பட்டப்பகலில் எல்லாத் தறியும் ஒன்றாக நிற்பது ஒரே காரணத்துக்குத்தான். தெருவில் யாராவது இறந்துபோனால் பிணம் எடுக்கும்வரை ஒருவரும் ஊடை இழையை ஓட்டுகிற நாடாவைத் தொட மாட்டார்கள். தெருப் பெரியவர் கைலாசம் முதலில் தன் தறியை நிறுத்துவார். அது நின்றதைக் கேட்டு அடுத்தவர் நிறுத்துவார். வீடு வீடாகப் போய்ச் சொல்கிற வழக்கம் கிடையாது.

யாராக இருக்கும் என்று புவனேஸ்வரி யோசித்தாள். பால்காரர் வீட்டு மாமனார் போன மாதமே எழுந்து நடமாட ஆரம்பித்துவிட்டார். குழாயடிச் சந்தில் ஒரு பெரியம்மா வெகுநாளாகக் கிடக்கிறாள். அவளாகத்தான் இருக்கும் என்று முடிவுகட்டி, பாவம், நல்லபடியாகப் போய்ச் சேரட்டும் என்று மனதுக்குள் சொல்லிக்கொண்டாள்.

அப்போது மாணிக்கவேல் உள்ளே வந்தான். கணவரின் தம்பி. மூன்று நாளாக இங்கேயேதான் இருக்கிறான். அவன் கண்கள் சிவந்திருந்தன. கையில் பழைய வேட்டியிலிருந்து கிழித்த நீளமான துண்டு ஒன்று இருந்தது. இறந்தவர்களுக்கு வாய் திறந்துகொள்ளாமல் நாடி கட்டுகிற துண்டு. கட்டிலை நெருங்கியவன், அண்ணன் கண்ணைத் திறந்து தன்னையே பார்த்துக்கொண்டிருப்பதைப் பார்த்ததும் அதை முதுகுக்குப் பின்னால் கொண்டுபோனான்.

என்ன நடந்திருக்கும் என்று அவளுக்கு ஒரு நொடியில் புரிந்துவிட்டது. சற்று முன்பு அவள் குளிக்கப் போயிருந்தாள். இரண்டு நாளாகவே அவருக்கு மூச்சு நின்று நின்று வருகிறது. நிற்கும், பார்க்கிறவர் பயப்படுகிற அளவுக்கு நிற்கும், பிறகு பெரிதாக ஒன்று இழுத்துக்கொண்டு வரும். ஆஸ்பத்திரியில் வீட்டுக்கு அனுப்பும்போதே இப்படி இருக்கும் என்று சொல்லித்தான் அனுப்பினார்கள். மாணிக்கவேலுக்கு எதிலும் அவசரம். மூக்கில் விரல் வைத்துப் பார்த்திருப்பான். அடுத்த மூச்சு வருவதற்குள் தெருவுக்கு ஓடியிருப்பான்.

கலியாணசுந்தரத்தின் உதடு அசைந்தது. அவள் குனிந்தாள்.

"தறி நின்னுடுச்சு" என்றார். "யாரு?"

"கரண்ட் போயிடுச்சுங்க" என்றாள் புவனேஸ்வரி.

சொன்ன பிறகுதான் எவ்வளவு அசட்டுத்தனமாகச் சொல்லிவிட்டோம் என்று உறைத்தது. கைத்தறிக்கு எதற்குக் கரண்ட்? அவர் கண்கள் மெதுவாக மேலே போயின. தலைக்குமேல் மின்விசிறி சுற்றிக்கொண்டிருந்தது. அதைக் கொஞ்ச நேரம் பார்த்தார். பிறகு தம்பியைப் பார்த்தார், அவன் முதுகுக்குப் பின்னால் போயிருந்த கையைப் பார்த்தார்.

"எனக்கா?" என்று கேட்டார்.

மாணிக்கவேல் சுவரைப் பார்த்துத் திரும்பிக்கொண்டான். தெருவில் யாரோ சைக்கிளை ஸ்டாண்டு போடுகிற சத்தம் அந்த அமைதியில் பெரிதாகக் கேட்டது.

"சீக்கிரம் கட் பண்ணிட்டாங்க" என்றார் கலியாணசுந்தரம். சற்று மூச்சு வாங்கிக்கொண்டு, "நல்லாயில்ல, புவனா. இப்படி நிறுத்துனா நல்லாயில்ல" என்றார். பிறகு கண்களை மூடிக்கொண்டார்.

அவர் வருத்தப்பட்டுச் சொல்லவில்லை. வேலையில் ஒரு குறையைச் சொல்வதுபோலத்தான் சொன்னார். அந்தக் குரல் அவளுக்குத் தெரியும். டோக்கியோவில் இருந்த மூன்று வருஷமும் தினமும் கேட்ட குரல்தான் அது. டி.வி.க்கு முன்னால் உட்கார்ந்து, தன் இசையைத் தானே கேட்டு, இந்த இடத்தில் நல்லாயில்லை, அந்த இடத்தில் நல்லாயில்லை என்று சொல்லிக்கொண்டிருப்பார்.

கலியாணசுந்தரம் நெசவாளி வீட்டில் பிறந்து வயலின் கற்றுக்கொண்டவர். சென்னைக்குப் போய் சினிமா ஒலிப்பதிவுகளில் வாசித்தார். ஒருமுறை கலைக்குழு ஒன்றோடு ஒசாகா போனார். குழு திரும்பி வந்தது, அவர் வரவில்லை. அங்கே வயதான இசையமைப்பாளர் ஒருவருக்கு எடுபிடியாகச் சேர்ந்து, ஒவ்வொரு வாத்தியத்துக்கும் தனித்தனியாக இசைக்குறிப்பு பிரித்து எழுதிக்கொடுக்கும் வேலை பார்த்தார். பிறகு அந்தப் பெரியவருக்குக் கை நடுங்க ஆரம்பித்ததும் அவருக்காகவே எழுதினார். அதற்கும் பிறகு தன் பெயரில் எழுதினார். முப்பது வருஷத்துக்குமேல் ஜப்பானியப் படங்களுக்கும் டி.வி. தொடர்களுக்கும் பின்னணி இசை அமைத்தார். அங்கே அவரை மரியாதையாக சுந்தா-சான் என்று கூப்பிட்டார்கள். இங்கே தெருவில் அவர் என்ன செய்கிறார் என்று யாருக்கும் சரியாகத் தெரியாது. பாட்டுப் போடுகிறார் என்றால், எந்தப் பாட்டு, பாடிக் காட்டு என்பார்கள். பாட்டு இல்லை, பேச்சுக்குப் பின்னால் வருகிற சத்தம் என்று புவனேஸ்வரி சொல்லுவாள். அதற்கா சம்பளம் கொடுக்கிறான் என்று ஆச்சரியப்படுவார்கள்.

அவளுக்கும் அந்த ஆச்சரியம் இருந்தது. டி.வி. தொடருக்கு இசையமைப்பவர்கள் அங்கே படத்தைப் பார்க்காமலேயே எழுத வேண்டும் என்று தெரிந்தபோது அவள் சிரித்துவிட்டாள். தொடர் தொடங்குவதற்கு முன்பே கேட்டு வாங்கிவிடுவார்கள். சோகத்துக்கு நாலு, சந்தோஷத்துக்கு நாலு, வீட்டில் சும்மா இருக்கும்போது ஓடுவதற்கு நாலு என்று அவர் எழுதிக் கொடுத்துவிடுவார். எது எங்கே வர வேண்டும் என்பதை வேறொருவர் முடிவுசெய்வார். அவர் சோகத்துக்கென்று எழுதியதை எடுத்து, கதாநாயகன் குளியல் தொட்டியில் வழுக்கி விழுகிற இடத்தில் போட்டுவிடுவார்கள். இவர் நாற்காலியிலிருந்து எழுந்து நின்றுவிடுவார்.

சினிமாவில் அப்படி இல்லை. படத்தைப் போட்டுப் பார்த்து எழுதலாம். அவர் பெயர் வாங்கியது சினிமாவில்தான், அதுவும் ஒரு சாவில். வயதான மீனவன் ஒருவன் தன் வீட்டில் மகளுக்குப் பக்கத்தில் இறந்துபோகிறான். டைரக்டர் பன்னிரண்டு வயலின் கேட்டார். இவர் பன்னிரண்டு வயலினுக்கும் எழுதி, வாசிக்கவைத்து, ஒலிப்பதிவும் செய்தார். கடைசியில் சத்தங்களை ஒன்றாகச் சேர்க்கிற அறையில் உட்கார்ந்து, வயலின் எதுவும் வேண்டாம், அடுப்பில் கெட்டில் கொதிக்கிற சத்தம் மட்டும் போதும் என்றார். மீனவன் இறந்த பிறகும் கெட்டில் கொதிக்கட்டும். மகள் எழுந்துபோய் அடுப்பை அணைக்கும்வரை கொதிக்கட்டும். டைரக்டர் அன்று முழுக்கக் கத்தினார். மறுநாள் வந்து, சரி என்றார்.

அதற்குப் பிறகு அங்கே படத்தில் யாராவது இறக்க வேண்டும் என்றால் இவரைத் தேடி வந்தார்கள். புவனேஸ்வரி அவருக்குச் சாவுக்குச் சுந்தரம் என்று பெயர் வைத்தாள். போனில் கூப்பிட்டால், இன்னிக்கு யாருங்க செத்தாங்க என்றுதான் ஆரம்பிப்பாள். அவரும் சளைக்காமல், ஒரு பள்ளிக்கூட வாத்தியார், பாவம், நல்ல மனுஷன் என்பார்.

ஒருமுறை அவள் காரணம் கேட்டாள். சாவு என்றால் எல்லாம் நிற்பதுதானே, சத்தத்தையும் நிறுத்தினால் என்ன? அவர் சொன்னது அவளுக்கு அப்படியே நினைவிருக்கிறது. "உயிர் போன உடனே டப்புனு நிறுத்துனா, பாக்கறவங்களப் பாத்து இப்ப அழுன்னு சொல்ற மாதிரி இருக்குது. அடுத்த சீன் வரைக்கும் ஓடணும், புவனா. அவன் போனது அந்தச் சத்தத்துக்குத் தெரியக்கூடாது."

அவளுக்கு அந்த ஊர் ஒத்துவரவில்லை. சண்டை ஒன்றும் இல்லை. டோக்கியோவில் அவர்கள் இருந்த அடுக்குவீட்டில் மிக்ஸி போட்டால் பக்கத்து வீட்டுக்காரர் சுவரைத் தட்டுவார். மாடியில் நடப்பவர்கள் பூனைபோல நடப்பார்கள். தறிச் சத்தத்திலேயே பிறந்து, அந்தச் சத்தத்திலேயே தூங்கிப் பழகியவளுக்கு அங்கே தூக்கம் வரவில்லை. மூன்று வருஷம் பொறுத்துப் பார்த்துவிட்டு ஊருக்கு வந்துவிட்டாள். பிள்ளையும் இல்லாததால் போகச் சொல்லியும் வரச் சொல்லியும் யாரும் இழுக்கவில்லை. அவர் வருஷத்துக்கு ஒருமுறை வருவார். ஞாயிற்றுக்கிழமை போன் செய்வார். நான்கு வருஷம் முன்பு சிறுநீரகம் கெட்டுப்போய் ஒரேயடியாக வந்து சேர்ந்தார். அவரோடு நிஜமாகக் குடித்தனம் நடத்தியது இந்த நான்கு வருஷம்தான் என்று அவள் நினைப்பதுண்டு. அவருடைய இசை அவளுக்குப் பிடித்ததே இல்லை. அதை அவரிடம் சொன்னதில்லை, அவரும் கேட்டதில்லை.

இப்போது தறி நின்ற வீட்டில் அவர் கண்ணை மூடிக் கிடப்பதைப் பார்த்தபோது அவளுக்குக் கோபம் வந்தது. மாணிக்கவேல்மேல் இல்லை, யார்மேல் என்று சொல்லத் தெரியாத கோபம். ஊரில் உலகத்தில் எத்தனை பேருடைய சாவை நல்லபடியாக அமைத்துக் கொடுத்த மனுஷன். அவருடையதை இப்படிக் கெடுத்து வைத்திருக்கிறார்கள்.

அவள் வாசலுக்கு வந்தாள். தெருமுனைக் கடையிலிருந்து வந்த ஷாமியானா ஆட்கள் அதற்குள் இரண்டு கம்பங்களை நட்டுவிட்டிருந்தார்கள். ஐஸ் பெட்டி ஆட்டோவிலிருந்து இறங்கி நிழலில் நின்றுகொண்டிருந்தது. மாணிக்கவேல் பின்னாலேயே வந்து மெல்லிய குரலில் கணக்கு ஒப்பித்தான். தாமலில் இருக்கிற சொந்தக்காரர்களுக்குச் சொல்லியாகிவிட்டது, தென்னேரிக்குச் சொல்லியாகிவிட்டது, அங்கிருந்து வேன் கிளம்பிவிட்டதாம். டோக்கியோவில் அண்ணனோடு வேலை பார்த்தவர்களுக்கும் மெசேஜ் போட்டுவிட்டான். அவர்களும் கைகூப்பிய பொம்மை ஒன்றைத் திருப்பி அனுப்பிவிட்டார்கள்.

"மூக்காண்ட கை வெச்சுப் பாத்தேன் அண்ணி, சத்தியமா மூச்சு இல்ல" என்றான். பிறகு, குழந்தை மாதிரி, "இப்ப இன்னா பண்றது?" என்று கேட்டான்.

ஐஸ் பெட்டியை எடுத்துப் போகச் சொன்னாள். கம்பத்தைப் பிடுங்கச் சொன்னாள். ஷாமியானா ஆட்கள், எப்படியும் போடத்தானே போறோம்மா என்று ஆரம்பித்து, அவள் முகத்தைப் பார்த்துவிட்டு நிறுத்திக்கொண்டார்கள். அவள் அவர்களைத் தாண்டித் தெருக்கோடிக்கு நடந்தாள். வாசல்களில் தறியை விட்டு எழுந்துவந்தவர்கள் நின்றிருந்தார்கள். துக்கம் விசாரிப்பதற்கு முகத்தைத் தயார்செய்துகொண்டிருந்தவர்களிடம், அவர் இருக்கிறார் என்று சொல்லிக்கொண்டே போனாள்.

கைலாசம் வீட்டுக்குள் கயிற்றுக்கட்டிலில் உட்கார்ந்திருந்தார். எண்பதைத் தொடப்போகிறவர், இன்னும் தினமும் தறியில் இறங்குகிறார். அவள் சொல்லி முடிக்கும்வரை கேட்டார். மாணிக்கவேலை ஒரு வார்த்தை திட்டினார். தறியை ஓட்டச் சொல்லுங்கள் மாமா என்று அவள் கேட்டபோது மட்டும் தலையைக் குனிந்துகொண்டார்.

"அது எப்டிம்மா? நின்னது நின்னதுதான். சாவுக்குன்னு நிறுத்துனத சாவு இல்லாம எடுத்தா, அது வேற வூடு தேடிக்கினு போவும்னு சொல்லுவாங்க. எங்க அப்பா காலத்துலருந்து இப்டிதான்."

"சாவே இல்லியே மாமா."

"இல்ல. ஆனா நிறுத்திட்டமே."

இதுவரை இந்தத் தெருவில் இப்படி ஒருமுறையும் நடந்ததில்லை, அதனால் இதற்கு என்ன முறை என்று அவருக்கும் தெரியவில்லை. தெரியாதபோது மனிதர்கள் தெரிந்ததைத்தான் பிடித்துக்கொள்கிறார்கள். எத்தனை நேரம் ஆகப்போகிறது, இன்று சாயங்காலமோ நாளைக்கோ என்று அவர் சொல்ல வந்து, அதை அவளிடம் சொல்லலாமா என்று தயங்கி நிறுத்தினார். அவர் முடிக்காமல் விட்டதை அவள் புரிந்துகொண்டாள். அதுதான் அவளுக்குப் பயமாக இருந்தது. சாயங்காலம்வரை கணவர் அந்த அமைதியைக் கேட்டுக்கொண்டு கிடக்க வேண்டும். உயிரோடு இருக்கும்போதே, ஊர் முழுக்கத் தன்னை முடித்துவிட்டது என்று ஒவ்வொரு மூச்சுக்கும் கேட்டுக்கொண்டு.

கைலாசத்திடம் எதையும் விளக்கிச் சொல்ல அவளுக்கு வரவில்லை. "அவருக்குக் கேக்குது மாமா" என்று மட்டும் சொன்னாள். "தறி நின்னத கேட்டுட்டு, எனக்கான்னு கேக்கறாரு."

கைலாசம் நிமிர்ந்து பார்த்தார். அவர் கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது. கலியாணசுந்தரம் சின்ன வயதில் அவரிடம்தான் முதலில் நாடா ஓட்டக் கற்றுக்கொண்டது. பிறகு ஜப்பானிலிருந்து வரும்போதெல்லாம் ஒரு பெட்டியைத் தூக்கிக்கொண்டு வந்து, அவர் தறிக்குப் பக்கத்தில் உட்கார்ந்து சத்தத்தைப் பதிவு செய்துகொண்டு போவார். உங்கள் தறிக்கு இடது கால் மிதி கொஞ்சம் இழுக்கிறது, அதைச் சரிசெய்துவிடாதீர்கள் என்று கெஞ்சுவார். கியோட்டோ நகரத்து நெசவாளிக் குடும்பம் ஒன்றைப் பற்றிய காலைத் தொடருக்கு அவர் கைலாசத்தின் தறியைத்தான் போட்டார். கியோட்டோவிலிருந்து ஒருவர் டி.வி. நிலையத்துக்குப் போன் செய்து, இது எங்கள் ஊர்த் தறியே இல்லை, இது எவனுடைய தறி என்று சண்டை போட்டாராம். அதைக் கேட்டு இந்தத் தெருவே ஒரு வாரம் சிரித்தது.

"எங்க வூட்டுத் தறிய ஓட்டுனா?" என்று புவனேஸ்வரி கேட்டாள்.

அவருக்குப் புரியவில்லை.

"சாவுன்னு சொன்னது எங்க வூட்லதான. எங்க வூட்டுத் தறி மொதல்ல ஓடுச்சுன்னா?"

கைலாசம் தாடையைத் தடவிக்கொண்டு நெடுநேரம் யோசித்தார். "சாவு வூட்லயே தறி ஓடுதுன்னா அப்புறம் அது சாவு வூடு இல்ல" என்றார் கடைசியில். "அப்ப யார் வேணா ஓட்டலாம். ஆனா யார்மா ஒக்காருவாங்க?"

பட்டம்மாள் உட்கார மறுத்துவிட்டாள். முன்கூடத்துத் தறி அவள் பொறுப்பில் இருக்கிறது. எட்டு வருஷமாக இந்த வீட்டுக்கு வந்து கூலிக்கு நெய்கிறாள், புவனேஸ்வரி சொல்லி அவள் எதையும் தட்டியதில்லை. இன்றைக்குத் தறிக்குழியின் ஓரத்தில் நின்றுகொண்டு, முந்தானையைப் பல்லில் கடித்துக்கொண்டு தலையை ஆட்டினாள். அவள் மகளுக்கு இது பிரசவ மாதம். செவிலிமேட்டில் புருஷன் வீட்டிலிருந்து எந்த நேரம் போன் வருமோ என்று காத்துக்கொண்டிருக்கிறாள்.

"வேற வூடு தேடும்னா எங்க வூடுதான்க்கா மொதல்ல கண்ணுக்குத் தெரியும்" என்றாள். "நீ வேற இன்னா சொன்னாலும் செய்றேன்."

அதற்குமேல் கட்டாயப்படுத்த புவனேஸ்வரிக்கு மனம் வரவில்லை. உள்ளே எட்டிப் பார்த்தாள். அவர் கண்களை மூடித்தான் இருந்தார். ஆனால் தூங்கவில்லை என்று தெரிந்தது. போர்வைமேல் இருந்த வலதுகை விரல்கள் எதையோ தட்டப் பார்த்து, தட்ட எதுவும் இல்லாததுபோல நின்றிருந்தன.

"சரி, நீ போயி அவராண்ட ஒக்காரு" என்று பட்டம்மாளிடம் சொன்னாள். "வாய் காஞ்சா தண்ணி குடு."

புடவையை இடுப்பில் செருகிக்கொண்டு அவளே தறிக்குழியில் இறங்கினாள்.

கல்யாணத்துக்கு முன்பு அப்பா வீட்டில் நெய்திருக்கிறாள். நாற்பது வருஷம் ஆகிறது. தறியில் பட்டம்மாள் முக்கால் பாகம் முடித்திருந்த மயில்கழுத்து நிறப் புடவை இருந்தது, யாருடைய கல்யாணத்துக்கோ. இவள் நெய்யப்போவதையெல்லாம் பிறகு பட்டம்மாள் பொறுமையாகப் பிரித்து எடுக்க வேண்டியிருக்கும். அதைப் பற்றி அப்புறம் பார்த்துக்கொள்ளலாம் என்று நினைத்துக்கொண்டாள். காலுக்கு மிதி தட்டுப்பட்டது. வலதுகையால் கயிற்றை இழுத்தாள். நாடா பாதியில் நின்றது. குனிந்து எடுத்து மறுபடி ஓரத்தில் வைத்து, இன்னும் வேகமாக இழுத்தாள். இந்தமுறை ஓடியது. இடதுகையால் இழையை நெருக்குகிற பலகையை இழுத்து அடித்தாள். மிதியை மாற்றினாள். கால் தெரிந்துவைத்திருந்த அளவுக்குக் கைக்குத் தெரியவில்லை. இழுப்பதும் அடிப்பதும் ஒன்றையொன்று துரத்திக்கொண்டு ஓடின. தெருவே அமைதியாக இருந்ததால் அவள் செய்கிற ஒவ்வொரு தப்பும் வாசல்வரை கேட்டது. வெட்கமாக இருந்தது. ஆனாலும் நிறுத்தவில்லை.

உள்ளேயிருந்து பட்டம்மாள் குரல் வந்தது. "யக்கா, அண்ணன் கேக்கறாரு. யாரு புதுசான்னு."

"நான்தான்னு சொல்லு."

புவனேஸ்வரி நாடாவைப் பார்த்துக்கொண்டே காதை மட்டும் அந்தப் பக்கம் வைத்திருந்தாள்.

"சிரிக்கிறாருக்கா" என்றாள் பட்டம்மாள். பிறகு, "இன்னாண்ணே?" என்று கேட்பதும், குனிந்து கேட்பதும் தெரிந்தது. "எடது கை லேட்டா வருதாம்க்கா."

இத்தனை வருஷத்தில் அவர் குறை சொல்வதற்கென்று அவளிடம் ஒரு சத்தமும் இருந்ததில்லை. இடது தோளைக் கொஞ்சம் முன்னால் சாய்த்து உட்கார்ந்தாள். கயிற்றை இழுப்பதற்கு முன்பே பலகையைப் பற்றிக்கொண்டு, நாடா சேர்ந்ததும் இழுத்து அடித்தாள். மறுபடியும் அதேபோல. பத்து முறைக்கு ஒருமுறை தப்பியது.

அப்போதுதான் தெருக்கோடியில் கைலாசத்தின் தறி எழுந்தது. இடது மிதி இழுக்கிற அந்தத் தறியை யாரும் அடையாளம் சொல்லிவிடலாம். அடுத்து அதற்குப் பக்கத்து வீடு. பிறகு எதிர்வரிசை. போன வழியிலேயே சத்தம் திரும்பி வந்தது. பால்காரர் வீட்டுக்கு அடுத்த வீட்டில் இரண்டு தறியும் ஒன்றாக ஆரம்பித்தன. கொஞ்ச நேரத்தில் தெரு எப்போதும் இருப்பதுபோல ஆகிவிட்டது. அவளுடைய தறியின் தப்புகள் அதில் கலந்து காணாமல் போயின. யாராவது உற்றுக் கேட்டால்தான் உண்டு.

"இப்ப எப்டி இருக்குதுன்னு கேளு" என்றாள்.

"பரவால்லன்னு கைய ஆட்றாருக்கா."

அந்த ஒரு கையாட்டல் அவளுக்குப் போதுமாக இருந்தது. டோக்கியோவில் பெரிய பெரிய வாத்தியக்காரர்கள் வாசித்துவிட்டு நிமிர்ந்து பார்த்தாலும் அவர் அதற்குமேல் சொல்ல மாட்டார்.

மாணிக்கவேல் வாசலில் வந்து நின்று, தறியில் அண்ணியைப் பார்த்துவிட்டுத் திண்டாடினான். டீ சொல்லிவிட்டு வரட்டுமா என்று கேட்டான். சொல் என்று தலையசைத்தாள். ஷாமியானா ஆட்கள் நட்ட கம்பங்களைப் பிடுங்கி எதிர்வீட்டுச் சுவரில் சாய்த்து வைத்துவிட்டு, போகாமல் பீடி குடித்துக்கொண்டிருந்தார்கள்.

தென்னேரி வேன் வந்தது. பெண்கள் முறைப்படி தெருமுனையிலேயே இறங்கி, தலைமுடியை அவிழ்த்துவிட்டு, மாரில் அடித்துக்கொண்டு அழுதபடியே வந்தார்கள். தறிகள் ஓடுவதை அவர்கள் கவனித்தார்களா என்று தெரியாது. அழுகிறவர்களுக்குக் காது கேட்பதில்லை. படியேறி, ஒருத்தியை ஒருத்தி பிடித்துக்கொண்டு, ராசா போயிட்டியே என்று கூடத்துக்குள் நுழைந்தவர்கள், எந்தப் பிணத்தைப் பார்த்து விழ வேண்டுமோ அது இல்லாமல், அவருடைய பெண்டாட்டி தறியில் உட்கார்ந்து நெய்துகொண்டிருப்பதைப் பார்த்தார்கள். முன்னால் வந்தவள் வாய் திறந்தபடியே நின்றாள். பின்னால் வந்தவர்கள் அவள்மேல் மோதி நின்றார்கள்.

"வாங்க" என்றாள் புவனேஸ்வரி, கையை நிறுத்தாமல். "அவர் உள்ள இருக்கறாரு. தூங்கட்டும். ஒக்காருங்க, டீ வருது."

அவர்கள் சுவரோரமாக வரிசையாக உட்கார்ந்தார்கள். முடியை ஒவ்வொருத்தியாக முடிந்துகொண்டார்கள். ரோஜா மாலை ஒன்று வாழையிலையில் சுற்றியிருந்தது. அதை வைத்திருந்தவள் அதை எந்தப் பக்கம் மறைப்பது என்று தெரியாமல் மடியில் வைத்துக்கொண்டாள். தறியைப் பார்ப்பதும் அறைக்கதவைப் பார்ப்பதுமாக இருந்தார்கள்.

மாணிக்கவேல் டீயைக் கொண்டுவந்து ஊற்றிக் கொடுத்துக்கொண்டிருந்தான். அப்போது பட்டம்மாள் அறைவாசலில் வந்து நின்றாள். கையில் டம்ளர் இருந்தது. டம்ளரில் தண்ணீர் முழுதாக இருந்தது.

புவனேஸ்வரி நிமிர்ந்து பார்த்தாள். பட்டம்மாள் முகத்தில் துக்கம் இருந்தது. துக்கத்தோடு இன்னொன்றும் இருந்தது. அது நிம்மதி என்றும், சாவு இனி செவிலிமேட்டு மகள் வீட்டைத் தேடிப் போகாது என்கிற நிம்மதி என்றும் புவனேஸ்வரிக்குத் தெரிந்தது. அதற்காக அவள்மேல் கோபம் வரவில்லை. பட்டம்மாள் வாயைத் திறந்தாள்.

புவனேஸ்வரி வேண்டாம் என்பதுபோல லேசாகத் தலையை அசைத்தாள்.

பட்டம்மாள் அவளையே பார்த்துக்கொண்டு நின்றாள். பிறகு வாயை மூடிக்கொண்டு, டம்ளரை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு, நிலையில் சாய்ந்து நின்றாள். வெளியே கைலாசத்தின் தறி இடது மிதியை இழுத்து இழுத்து ஓடிக்கொண்டிருந்தது. அதற்குப் பின்னால் மற்ற தறிகள். தெரு ஒரு நாடாகூடத் தவறவிடவில்லை.

மடியில் மாலை வைத்திருந்தவள் தயங்கித் தயங்கி, "இத எங்க வெக்கறதுக்கா?" என்று கேட்டாள்.

"இருக்கட்டும்மா. கொஞ்ச நேரம் கையிலயே வெச்சிக்கோ" என்றாள் புவனேஸ்வரி.

கயிற்றை இழுத்தாள். நாடா ஓடி மறுபக்கம் சேர்ந்தது. பலகையை இழுத்து அடித்தாள். இடதுகை சரியாக வந்தது.